எவென்கிப் பெண் திரைக்கு வரும்போது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வட ஆசியப் பழங்குடிகள் பற்றிய படங்களை நண்பர்களோடு சேர்ந்து பார்ப்பது எனக்கு வழக்கம். படம் முடிந்து விளக்கைப் போட்டதும் ஏறக்குறைய ஒரே கேள்விகள்தான் வரும். அந்தப் பெண் உண்மையிலேயே அந்த இனத்தவரா? அந்த மொழி உண்மையா? அந்த மானில் அப்படித்தான் ஏறுவார்களா? ஒவ்வொரு முறையும் துண்டு துண்டாகப் பதில் சொல்வதை விட எல்லாவற்றையும் ஓரிடத்தில் எழுதிவிடலாம் என்று தோன்றியது. இங்கே எடுத்துக்கொண்டிருப்பது எவென்கி மக்களை, அதிலும் குறிப்பாக எவென்கிப் பெண்களை.

எவென்கிகள் யார்? எங்கே வாழ்கிறார்கள்?

சைபீரியாவில் யெனிசெய் ஆற்றிலிருந்து கிழக்கே ஒகோட்ஸ்க் கடல் வரையும், தெற்கே சீனாவின் உள் மங்கோலியா வரையும் சிதறி வாழும் மக்கள். ரஷ்யாவில் ஏறக்குறைய 38,000 பேர், சீனாவில் 30,000-க்கு மேல். இவ்வளவு சிறிய மக்கள்தொகை இவ்வளவு பெரிய நிலத்தில் பரவியிருப்பது உலகிலேயே அபூர்வம். ரஷ்ய எவென்கிகளில் பாதிக்கும் மேற்பட்டவர்கள் யாகூத்தியா எனப்படும் சகா குடியரசில் இருக்கிறார்கள். எவென்கிகளின் பெயரில் ஒரு தன்னாட்சி வட்டாரம் 1930-இல் உருவானது. தூரா என்ற ஊர் அதன் தலைமையிடம். 2007-இல் அது கிராஸ்னோயார்ஸ்க் பிரதேசத்தோடு இணைக்கப்பட்டது.

ஒரு பொதுவான தவறைச் சொல்லிவிடுகிறேன். எவென்கி என்றாலே பனிமான் மேய்ப்பவர் என்று நினைத்துக்கொள்கிறோம். சீனாவில் உள்ள எவென்கிகளில் பெரும்பாலானவர்கள் புல்வெளியில் குதிரையும் ஆடும் வளர்ப்பவர்கள், அல்லது விவசாயிகள். பனிமானோடு காட்டில் வாழ்ந்தவர்கள் அங்கே சில நூறு பேர்தான். ஆனால் கேமராக்கள் போனதெல்லாம் அந்தச் சில நூறு பேரைத் தேடித்தான்.

பழைய புத்தகங்களில் 'துங்குஸ்' என்று வருகிறதே, அதுவும் இவர்களா?

ஆமாம். அது மற்றவர்கள் வைத்த பெயர். 1908 ஜூன் 30 அன்று விண்ணிலிருந்து வந்த ஒன்று வெடித்துப் பெருங்காட்டையே சாய்த்த துங்குஸ்கா நிகழ்வைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். அது நடந்தது எவென்கிகள் மான் மேய்த்த காட்டில். அங்கே ஓடும் துங்குஸ்கா ஆற்றின் பெயரும் இவர்களுடைய அந்தப் பழைய பெயரை ஒட்டியதுதான்.

'ஷாமன்' என்ற சொல் இவர்களுடையதா?

அப்படித்தான் பரவலாக ஏற்றுக்கொள்ளப்படுகிறது. ஆவிகளோடு தொடர்புகொள்பவராக நம்பப்படும் பூசாரியைக் குறிக்கும் எவென்கிச் சொல்லான 'சமான்' ரஷ்ய மொழி வழியாக உலகம் முழுக்கப் பரவியது. நமக்குச் சுவையான ஒரு பழைய விவாதமும் உண்டு. சமஸ்கிருதத்தின் 'ஸ்ரமண', அதாவது நம்முடைய 'சமணர்' என்ற சொல்லுக்கு மூலமானது, பௌத்தத்தோடு சீனம் வழியாக வடக்கே போய் 'சமான்' ஆனது என்று சில அறிஞர்கள் சொன்னார்கள். 'அறிதல்' என்று பொருள்படும் துங்குசிய வேரிலிருந்தே அது பிறந்தது என்று மற்றவர்கள் மறுத்தார்கள். விவாதம் முடிந்தபாடில்லை.

அவர்கள் மொழி எப்படிப்பட்டது? இன்னும் பேசுகிறார்களா?

மஞ்சு, நானாய், எவென் மொழிகளோடு சேர்ந்த துங்குசியக் குடும்பம். தமிழைப் போலவே வேர்ச்சொல்லின் பின்னால் விகுதிகளை அடுக்கிக்கொண்டே போகும் மொழி. பனிமான் 'ஒரோன்', பல என்றால் 'ஒரோர்'. ஆறு 'பிரா', ஆறுகள் 'பிரால்'. நெருப்பு 'தோகோ'. வீடு 'ஜு'.

எனக்கு மிகவும் பிடித்த ஒரு விஷயம் இந்த மொழியில் இருக்கிறது. நமக்கு 'நாம்', 'நாங்கள்' என்று இரண்டு இருப்பதைப் போலவே அவர்களுக்கும் இரண்டு உண்டு. கேட்பவரையும் சேர்த்துச் சொன்னால் 'மித்', அவரை விட்டுவிட்டுச் சொன்னால் 'பு'. ரஷ்ய மொழியில் இரண்டுக்கும் ஒரே சொல்தான். ஆகவே ஓர் எவென்கிப் பாத்திரம் ரஷ்ய மொழியில் 'நாங்கள் இந்தக் காட்டை விட்டுப் போக மாட்டோம்' என்று சொன்னால், எதிரில் நிற்கும் அதிகாரியையும் அவர் சேர்த்துக்கொள்கிறாரா, வெளியே நிறுத்துகிறாரா என்பது சொல்லில் இருக்காது. எவென்கி மொழியில் சொன்னால் அந்த ஒரு சிறு சொல்லிலேயே கதவு திறந்திருக்கிறதா மூடியிருக்கிறதா என்று தெரிந்துவிடும். தமிழ் பேசும் நமக்கு இதை விளக்கவே வேண்டியதில்லை.

பேசுபவர்கள் குறைந்துகொண்டே வருகிறார்கள். ரஷ்யாவின் 2010 கணக்கெடுப்பில் எவென்கி மொழி தெரியும் என்று சொன்னவர்கள் 5,000-க்கும் குறைவு. யாகூத்தியாவில் உள்ள பல எவென்கிக் குடும்பங்களின் வீட்டுமொழி இப்போது சகா மொழி. நிலம் பெரியது என்பதால் வட்டார வழக்குகளும் நிறைய. பள்ளிப் புத்தகத்தின் எவென்கி ஒன்று, பாட்டி பேசும் எவென்கி வேறொன்று.

படங்களில் எவென்கிப் பெண் எப்படிக் காட்டப்பட்டாள்?

முதலில் ஒரு பேயாக.

வியாச்செஸ்லாவ் ஷிஷ்கோவ் எழுதிய 'உக்ரியூம் ஆறு' என்ற ரஷ்ய நாவலில் சினில்கா என்றொரு துங்குஸ் ஷாமன் பெண் வருவாள். கதை தொடங்கும்போதே அவள் இறந்துபோனவள். கதாநாயகனின் கனவிலும் மயக்கத்திலும் வந்து அவனை அலைக்கழிப்பாள். யாரோபொல்க் லாப்ஷின் 1960களின் இறுதியில் அதைப் படமாக்கினார், 2021-இல் யூரி மொரோஸ் தொடராக எடுத்தார். ரஷ்யப் பார்வையாளர்களின் நினைவில் தங்கிப்போன எவென்கிப் பெண் என்றால் இந்தச் சினில்காதான். அழகானவள், ஆபத்தானவள், உயிரற்றவள்.

இத்தனைக்கும் ஷிஷ்கோவ் 1911-இல் கீழ்த் துங்குஸ்கா ஆற்றில் ஆய்வுப் பயணம் போனபோது, குளிர்காலம் நெருங்கிய காட்டில் சிக்கிக்கொண்ட அவரது குழுவைக் காப்பாற்றிக் கரை சேர்த்தவர்கள் எவென்கிகள். உயிரோடு இருந்த அந்த மனிதர்களை விட, இறந்த அந்த ஷாமன் பெண்ணே திரையில் அதிக இடம் பிடித்தாள்.

ஆண்களுக்கு வேறொரு அச்சு. காட்டின் வழிகாட்டி, நல்ல உள்ளம், சில சொற்களில் பெரிய ஞானம். அகிரா குரோசாவா 1975-இல் எடுத்த 'தெர்சு உசாலா' அந்த அச்சின் உச்சம். சிறந்த பிறமொழிப் படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. தெர்சு எவென்கி இல்லை, மொழி உறவில் நெருங்கிய நானாய் இனத்தவர்.

ஆக, காட்டைக் காட்ட ஓர் ஆண், காட்டை மர்மமாக்க ஒரு பெண். இரண்டுமே வெளியிலிருந்து வருபவருக்குத் தேவையான பாத்திரங்கள். கூடாரத்தை நடத்துகிற பெண்ணை, அதாவது அந்த வாழ்க்கையின் நடுவில் இருப்பவளைக் காணோம்.

கூடாரத்தில் பெண்ணின் வேலை என்ன? அதில் படத்துக்கு என்ன இருக்கிறது?

எல்லாமே இருக்கிறது என்பேன்.

ஆண்கள் வேட்டைக்குப் போனால் நாட்கணக்கில் திரும்ப மாட்டார்கள். மான்கள் பெண்கள் பொறுப்பில். கோடையில் கொசுவும் கடிக்கும் ஈயும் மான்களைப் பைத்தியமாக்கும். ஈரப் பாசியும் பச்சைக் கிளையும் போட்டுப் புகைமூட்டம் போட வேண்டும். மான்கள் தாமாகவே வந்து புகைக்குள் நின்றுகொள்ளும். கன்றுகளைக் கட்டிவைத்தால் தாய்கள் பால் கறக்க நேரத்துக்கு வந்துசேரும். கிடைக்கும் பால் கொஞ்சம்தான், ஆனால் கெட்டியாக இருக்கும், தேநீரில் ஊற்றிக் குடிப்பார்கள். உப்பைக் கையில் வைத்துக்கொண்டு குரல் கொடுத்தால் காட்டுக்குள் இருக்கும் மான் ஓடி வரும்.

அப்புறம் தோல். சுரண்டி, பதப்படுத்தி, மக்கிய மரத்தின் புகையில் காட்டி மென்மையாக்க வேண்டும். புகையில் காட்டிய தோல் நனைந்தாலும் விறைக்காது. மானின் தசைநாரைப் பிரித்து நூலாக்கித் தைப்பார்கள். பிர்ச் மரப்பட்டையை வேகவைத்து, துணி போல வளைய வைத்து, தைத்துக் கூடாரத்தின் மேல் போர்த்துவார்கள். 'குமலான்' என்று ஒரு விரிப்பு உண்டு. வெள்ளையும் பழுப்புமான மயிர்த்தோல் துண்டுகளைச் சேர்த்துக் கதிர் விரியும் சூரியனைப் போலத் தைப்பது. மான் முதுகில் ஏற்றிய மூட்டையின் மேல் அதைப் போர்த்துவார்கள். இடம்பெயரும் நாளில் ஒருவரின் குமலானைப் பார்த்தே அவர் கைத்திறனைச் சொல்லிவிடலாம்.

இடம்பெயர்வதும் ஒரு பெரிய காட்சி. கூடாரத்தின் சட்டக் கம்புகளை அப்படியே விட்டுவிட்டு மூடுபோர்வையை மட்டும் கழற்றி எடுத்துக்கொள்வார்கள். தொட்டிலை மான் சேணத்தின் ஒரு பக்கத்தில் கட்டுவார்கள், மறுபக்கம் எடை சரியாக இருக்க மூட்டை.

இவ்வளவு கைவேலை தெரிந்த ஒருத்தியைக் கூடாரத்தின் மூலையில் உட்காரவைத்து நெருப்பை வெறித்துப் பார்க்கச் சொல்வது எவ்வளவு பெரிய வீணடிப்பு!

அப்படியானால் எவென்கிப் பாத்திரத்தில் எவென்கி மட்டும்தான் நடிக்க வேண்டுமா?

என் பதில் நேரான 'ஆம்' இல்லை. தெர்சுவாக நடித்த மாக்சிம் முன்சுக் நானாய் இல்லை, துவா இனத்தவர். துவா மொழி துருக்கியக் குடும்பம், முற்றிலும் வேறு. ஆனாலும் வேட்டையும் மேய்ச்சலும் தெரிந்த மண்ணில் வளர்ந்தவர், துவா நாடக அரங்கை உருவாக்கியவர்களில் ஒருவர். அவர் நெருப்பின் அருகே குந்தி உட்காரும் விதத்தை இன்னொரு நடிகருக்குப் பயிற்சி கொடுத்து வரவழைத்திருக்க முடியுமா என்று எனக்குச் சந்தேகம்.

அமெரிக்காவில் நடிகை லில்லி கிளாட்ஸ்டன் 2023-இல் ஓசேஜ் என்ற பழங்குடியைச் சேர்ந்த பெண்ணாக நடித்தார். அவரோ பிளாக்ஃபீட், நிமீபூ என்ற வேறு பழங்குடிகளின் மரபினர். அந்தப் பாத்திரத்துக்காக ஓசேஜ் மொழியைக் கற்றார். 2024 ஜனவரியில் கோல்டன் குளோப் வாங்க மேடையேறியபோது முதலில் பிளாக்ஃபுட் மொழியில் பேசினார். அடுத்த இனத்தின் கதையை மரியாதையோடு சுமந்துவிட்டு, தன் குரலில் நன்றி சொன்னார். அது எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

ஆக, முதல் கேள்வி இரத்தம் பற்றியதாக இருக்க வேண்டாம். மொழி, கை, அந்த மக்களோடு இருக்கும் பொறுப்பு, இந்த மூன்றும் வேண்டும். ஆனால் ஒன்றை அழுத்திச் சொல்வேன். எவென்கி நடிகைகளுக்கு வாய்ப்பே தராமல் எப்போதும் 'அவர்களைப் போல இருக்கும்' வேறொருவரையே போட்டுக்கொண்டிருந்தால், அது திறமைக்கான தேர்வு ஆகாது. அது அவர்களை ஒதுக்கிவைப்பதுதான்.

உண்மையான எவென்கிப் பெண்களைத் திரையில் பார்க்கவே முடியாதா?

முடியும். ஆனால் அவர்களில் நான் முதலில் சொல்ல விரும்புகிறவர்கள் நடிகைகள் இல்லை. சீனாவின் அவோலுகுயா என்ற ஊரைச் சேர்ந்த ஒரே குடும்பத்துப் பெண்கள்.

பாட்டி நியூலா அந்தப் பனிமான் எவென்கிகளின் கடைசி ஷாமன். 1997-இல் மறைந்தார். மகள் பாலஜியேய், தான் கண்டதையும் கேட்டதையும் முதுமையில் எழுத உட்கார்ந்து, 2016-இல் ஒரு நாவலாக வெளியிட்டார். பேத்தி லியூபா ஓவியர். பெய்ஜிங்கில் கலை படித்தவர். நகரத்தில் வேலை கிடைத்தும் மனம் ஒட்டவில்லை, காட்டுக்குத் திரும்பினார். அங்கேயும் முழுதாக ஒட்ட முடியவில்லை. மான் தோலையும் மயிரையும் துண்டு துண்டாகச் சேர்த்து ஓவியங்கள் செய்தார். பாட்டிகள் குமலான் தைத்த அதே கைமுறை, ஆனால் சுவரில் மாட்டும் படம்.

இந்த மூன்று தலைமுறையையும் சுன் செங்தியான் என்ற இயக்குநர் 1997-இல் ஓர் ஆவணப்படமாக எடுத்தார். தலைப்பு 'புனித மானே, எங்கள் புனித மானே' என்ற பொருளில் வரும். ஷாமன் பாட்டி ஒரு பக்கம், நகரத்தில் படித்துத் திரும்பிய பேத்தி மறுபக்கம், நடுவில் தாய். சினில்காவைப் போல மர்மப் புகைக்குள் இல்லாமல், நியூலா ஒரு வீட்டின் பாட்டியாக இருக்கிறார் என்பதே அந்தப் படத்தின் பெரிய கொடை.

லியூபா 2002-இல், நாற்பதுகளின் தொடக்கத்திலேயே, ஆற்றில் மூழ்கி இறந்தார். இதைச் சொல்லாமல் அந்தப் படத்தைப் பரிந்துரைக்க எனக்கு மனம் வராது.

லியூபாவின் தங்கையும் ஒரு படத்தில் வருகிறாரே?

லியூ ஷியா. கு தாவ் என்ற இயக்குநர் அந்த மக்களோடு பல ஆண்டுகள் இருந்து எடுத்த படங்களில் வருகிறார். கு தாவின் தந்தையும் அதே மக்களைப் படம் பிடித்த புகைப்படக்காரர். மகன் எடுத்த 'யூகோவும் அவன் தாயும்' 2011-இல் ஜப்பானின் யாமகாதா ஆவணப்பட விழாவில் ஒகாவா ஷின்சுகே பரிசு பெற்றது.

யூகோ லியூ ஷியாவின் மகன். தெற்கே வெகு தூரத்தில் இருக்கும் வூஷி நகரத்தில் படிக்க அனுப்பப்பட்டவன். தாய் காட்டு முகாமில். குடிக்கிறார், அழுகிறார், நிலாவைப் பார்த்தும் சூரியனைப் பார்த்தும் மகனைப் பற்றிப் பேசுகிறார். விடுமுறைக்கு அவன் வருகிறான், காட்டுக்கே அந்நியனாகிவிட்டான்.

இந்தப் படத்தைப் போட்டால் என் நண்பர்கள் இரண்டாகப் பிரிந்துவிடுவார்கள். குடித்த நிலையில் ஒரு பெண்ணைக் காட்டலாமா என்று ஒரு சாரார். அவரை இவ்வளவு அருகில், இவ்வளவு பொறுமையாக வேறு யார் பார்த்தார்கள் என்று இன்னொரு சாரார். நான் இரண்டாவது பக்கம், ஆனால் முதல் கேள்வியை ஒதுக்க மாட்டேன். ஒரு நடிகை அந்தக் காட்சியில் அழுதுவிட்டு மாலையில் முகம் கழுவிக்கொண்டு வீட்டுக்குப் போவார். லியூ ஷியாவுக்கு அந்த வசதி இல்லை. எவென்கி நடிகைகள் வேண்டும் என்று நான் விரும்புவதற்கு இதுவும் ஒரு காரணம். ஒரு சமூகத்தின் வலியைச் சொல்ல ஒவ்வொரு முறையும் யாராவது ஒருவர் தன் சொந்த வலியையே கேமராவுக்குக் கொடுக்க வேண்டியிருக்கக் கூடாது.

மரியா சுவோ யார்?

அவோலுகுயாவின் மூத்த பெண்மணி. அந்த மக்களை அரசு 1965-இல் ஒரு குடியிருப்புக்கு மாற்றியது, மறுபடியும் 2003-இல் கென்ஹ நகரத்துக்கு அருகில் புதிய வீடுகளுக்கு மாற்றியது. வேட்டைத் துப்பாக்கிகளும் போயின. மான்களைக் கொட்டகையில் அடைத்துத் தீவனம் போட்டால் வாழாது. அவற்றுக்குக் காட்டுப் பாசி வேண்டும், நடந்துகொண்டே மேய வேண்டும். மரியா சுவோ புதிய வீட்டுக்குப் போக மறுத்து மான்களோடு காட்டிலேயே இருந்தார். 2022-இல் 101 வயதில் மறைந்தார்.

சீன எழுத்தாளர் சி ஸிஜியன் 2005-இல் வெளியிட்ட 'அர்குன் ஆற்றின் வலக்கரை' நாவலில் கதை சொல்வது தொண்ணூறு வயது எவென்கி மூதாட்டி. அந்த நாவல் சீனாவின் பெரிய இலக்கியப் பரிசான மாவ் துன் பரிசு பெற்றது. சி ஸிஜியன் எவென்கி இல்லை. நாவல் மீது எனக்கு அன்பு உண்டு. இருந்தாலும் அடுத்த கேள்விக்கான பதிலையும் சேர்த்தே படியுங்கள்.

எவென்கிகள் தங்களைப் பற்றித் தாங்களே என்ன சொல்கிறார்கள்?

நிறையச் சொல்கிறார்கள், மொழிபெயர்ப்பு குறைவு. சீனாவில் உரெர்து என்ற எவென்கி எழுத்தாளர் 1980களின் தொடக்கத்தில் தேசியச் சிறுகதைப் பரிசை மூன்று முறை வென்றார். பிறகு 1990களில் அவர் எழுதிய ஒரு கட்டுரையின் தலைப்பே 'பறிக்க முடியாத சுயவிளக்க உரிமை' என்பது. சிறுபான்மை மக்களின் குரலுக்குப் பதிலாக வேறொருவர் குரல் ஒலிப்பதைப் பற்றிய கட்டுரை. மேலே சொன்ன 'மித்', 'பு' நினைவிருக்கிறதா? யார் 'நாம்' என்று சொல்லலாம், யார் சொல்லக் கூடாது என்பதைத்தான் அவர் கேட்டார்.

ரஷ்யப் பக்கத்தில் கலீனா கெப்துகே. 1951-இல் அமூர் பகுதியில் பிறந்து 2019-இல் மறைந்தார். கதை எழுதினார், எவென்கி வீரகாவியங்களைச் சேகரித்து ஆராய்ந்தார். அந்தக் காவியங்களுக்கு 'நிம்ங்ககான்' என்று பெயர். கதை ஓட்டத்தைச் சொல்லாகச் சொல்லி, பாத்திரங்களின் பேச்சைப் பாடலாகப் பாடுவார்கள். ஒவ்வொரு பாத்திரத்துக்கும் தனி மெட்டு, தனி அழைப்புச் சொல். ஒரே ஆள் உட்கார்ந்த இடத்தில் பல பாத்திரங்களாக மாறுகிறார் என்றால் அது நடிப்பு இல்லாமல் வேறென்ன? எவென்கிகளிடம் நடிப்பு மரபு இல்லை என்று யாராவது சொன்னால் இதைக் காட்டுங்கள்.

எல்லோருக்கும் தெரிந்த எவென்கிப் பெண் கலைஞர் யாராவது உண்டா?

சீனாவில் ஊரினா. பாடகி, பெய்ஜிங்கின் மின்சு பல்கலைக்கழகத்தில் ஆசிரியராக இருந்தவர். கணவர் புரென்பாயர், ஒரு சிறுமி ஆகியோரோடு அவர் பாடிய 'மங்கல முத்துக்கள் மூன்று' என்ற பொருள்தரும் பாட்டு 2006 வசந்த விழா (சீனப் புத்தாண்டு) தொலைக்காட்சி நிகழ்ச்சியில் ஒலித்து நாடு முழுக்கப் புகழ்பெற்றது. குழந்தை சூரியனையும் நிலாவையும் நட்சத்திரங்களையும் பற்றிக் கேட்க, பெற்றோர் பதில் சொல்லும் பாட்டு. கணவர் மங்கோலியர், பாட்டும் மங்கோலிய மொழியிலும் சீனத்திலும்தான். அதனால் தாயாகப் பாடியவர் எவென்கி என்பது பலருக்குத் தெரியாது. எவென்கிக் குழந்தைகளைக் கொண்ட பாடற்குழுக்களோடும் அவர் வேலை செய்திருக்கிறார்.

எவென்கி மொழியிலேயே கதைப்படம் எடுப்பது சாத்தியமா?

பக்கத்து வீடுகளைப் பாருங்கள். கனடாவில் இனுயிட் மக்கள் தங்கள் இனுக்டிடுட் மொழியில் எடுத்த 'அதனர்ஜுவாத்' 2001-இல் கான் விழாவில் முதல் படத்துக்கான 'கேமரா தோர்' பரிசு வாங்கியது. நெனெத்ஸ் இனத்தவரான அனஸ்தாசியா லாப்சுய், மார்க்கு லெஹ்முஸ்கால்லியோவுடன் சேர்ந்து 2000-இல் 'தூந்திராவின் ஏழு பாடல்கள்' எடுத்தார். நெனெத்ஸ் மொழியில் வந்த முதல் கதைப்படம் அது.

ரஷ்யப் படமான 'குயில்', 2002. அதில் வட ஐரோப்பாவின் சாமி என்ற பழங்குடியைச் சேர்ந்த அன்னி-கிறிஸ்தீனா யூசோ நடித்தார். போர்க்காலத்தில் தனித்து வாழும் ஒரு பெண், அவள் குடிலுக்கு வந்துசேரும் ஒரு ரஷ்யன், ஒரு ஃபின்லாந்துக்காரன். மூவருக்கும் மூன்று மொழி, ஒருவர் பேசுவது மற்றவருக்குப் புரியாது. யூசோ தன் சொந்த மொழியான சாமியில்தான் முழுக்கப் பேசுகிறார். மீன் பிடிக்கிறார், மான் பால் கறக்கிறார், வாய் ஓயாமல் பேசிக்கொண்டே இருக்கிறார். மௌனமான மர்மப் பெண் என்ற அச்சு அந்தப் படத்தில் உடைந்து சிதறுகிறது. ரஷ்யாவின் நிகா விருது அவருக்குக் கிடைத்தது. ஓர் எவென்கி நடிகைக்கு இப்படியொரு பாத்திரம் கிடைத்தால் எப்படி இருக்கும் என்று நினைத்துப் பார்ப்பேன்.

வாய்ப்புள்ள இடம் யாகூத்தியாதான். சகா மொழிப் படங்கள் அங்கே குறைந்த செலவில் எடுக்கப்பட்டு உள்ளூர் அரங்குகளில் நன்றாக ஓடுகின்றன. எதுவார்த் நோவிகோவின் ஒரு சகா மொழிப் படம் 2018-இல் மாஸ்கோ விழாவின் முதல் பரிசையே வென்றது. யாகூத்ஸ்க் நகரத்தில் கலைக்கான உயர்கல்வி நிறுவனம் உண்டு, படப்பிடிப்புக் குழுக்கள் உண்டு. எவென்கி மொழி கற்றுத்தர செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் வடக்கு மக்களுக்கான உயர்கல்வி நிறுவனம் 1930 முதல் இருக்கிறது. ஆனால் சகா மொழி பேசுவோர் லட்சக்கணக்கில், எவென்கி பேசுவோர் ஆயிரக்கணக்கில். டிக்கெட் வருமானத்தை மட்டும் நம்பி எவென்கிப் படம் எடுக்க முடியாது. அரசோ அறக்கட்டளையோ பின்னால் நிற்க வேண்டும்.

ஒரு நடிகை எவென்கிப் பெண்ணாக நடிக்கப் போகிறார் என்றால் எதைக் கற்றுக்கொள்ள வேண்டும்?

மானில் ஏறுவதை. இங்கேதான் பெரும்பாலான படங்கள் தடுமாறும். எவென்கிகள் மான் மேல் சவாரி செய்வார்கள். குதிரையைப் போல நடு முதுகில் உட்கார்ந்தால் மான் தாங்காது, முதுகெலும்பு அவ்வளவு வலுவில்லை. சேணம் முன்னங்கால்களுக்கு மேலே, தோள்பட்டையின் மீது இருக்கும். அங்கவடி கிடையாது. கையில் ஒரு கோல், அதை ஊன்றித்தான் ஏறுவார்கள், சமநிலையும் அதில்தான். நெனெத்ஸ் மக்கள் திறந்த தூந்திராவில் சறுக்குவண்டி ஓட்டுவார்கள், எவென்கிகளின் அடர்காட்டுக்கு இந்தச் சவாரிதான் ஒத்துவரும். எவென்கிக் கதை என்று சொல்லிவிட்டு முழுக்கச் சறுக்குவண்டியையே காட்டினால் எனக்குச் சந்தேகம் வரும்.

அடுத்து நெருப்பு. சாப்பிடும் முன் நெருப்புக்கு ஒரு துண்டு கொடுப்பார்கள். கத்தியின் கூரை நெருப்பின் பக்கம் காட்ட மாட்டார்கள். இதைக் கைகூப்பிய பூசை போல நடித்தால் பொய்யாகிவிடும். நம் வீட்டில் காக்கைக்குச் சோறு வைக்கும் அம்மா எப்படி வைக்கிறார்? பேச்சை நிறுத்தாமல், அடுத்த வேலையை நினைத்துக்கொண்டே. அப்படி இருக்க வேண்டும்.

ஆடை பற்றிச் சொல்லவில்லையே?

விழாவுக்கான மணி கோத்த ஆடையை எல்லாக் காட்சியிலும் போட்டுவிடாதீர்கள் என்பதுதான் முக்கியம். 'பகல்தின்' என்ற கோடைத் தொடக்க விழாவில் அதைப் போட்டு வட்டமாக ஆடலாம். முகாமில் இன்றைய எவென்கிப் பெண் ரப்பர் பூட்ஸும் கொசுவலைத் தொப்பியும் பழைய ஜாக்கெட்டும் போட்டிருப்பார். அதனால் அவர் எவென்கி இல்லாமல் போய்விட மாட்டார்.

முதலில் எதைப் பார்ப்பது?

'குயில்' படத்தில் தொடங்குங்கள். அது எவென்கி இல்லைதான். ஆனால் ஒரு வடக்குப் பழங்குடி நடிகை தன் மொழியில் சுதந்திரமாக நடித்தால் என்ன நடக்கும் என்பது அதில் தெரியும். பிறகு கு தாவின் 'யூகோவும் அவன் தாயும்'. பார்த்த பிறகு உடனே வேறு எதையும் போடாதீர்கள். லியூபா குடும்பத்தைப் பற்றிய ஆவணப்படம் எளிதில் கிடைக்காது. கிடைத்தால், பாட்டி, தாய், பேத்தி மூன்று பேரின் கைகளையும் கவனித்துப் பாருங்கள்.